ஃபேனை நிறுத்தச் சொன்னவர்

செய்தி வந்தபோது தோசைக்கல்லில் மாவு ஊற்றிக்கொண்டிருந்தேன். சிவகாமி அக்காவின் தம்பி மகன் செந்தில் பண்ருட்டியிலிருந்து பேசினான். "ஹாஜிராம்மா, அத்தை போயிட்டாங்க. காலையில டீ குடிச்சிட்டுப் பேப்பர் பார்த்துக்கிட்டு இருந்தாங்க, அப்படியே சாஞ்சிட்டாங்க" என்றான். தோசை கருகியது. கருகட்டும் என்று விட்டுவிட்டேன். பாதி ஆயுளை நெய்வேலி டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் கழித்தவள் நான். எத்தனையோ வீடுகளுக்கு இப்படிப்பட்ட செய்தியை என் கையால் இணைத்துக் கொடுத்திருக்கிறேன். எனக்கென்று ஒன்று வந்தபோது போனை எங்கே வைப்பது என்றுகூடத் தெரியவில்லை.

நெல்லிக்குப்பத்திலிருந்து பஸ் பிடித்துப் பண்ருட்டியில் போய் இறங்கினால், செந்தில் வீட்டுத் தெருமுனையில் பேனர் கட்டியிருந்தார்கள். 'காலஞ்சென்ற பாலசுப்பிரமணியன் அவர்களின் மனைவி' என்று பெரிய எழுத்தில் ஒரு வரி. அதற்குக் கீழே சின்னதாக 'சிவகாமி'. வந்ததே எனக்குக் கோபம். அழ வேண்டிய நேரத்தில் செந்திலைக் கூப்பிட்டுச் சண்டை போட்டேன். கடைக்காரர்கள் வழக்கமாகப் போடுவதுபோல் போட்டுவிட்டார்கள் என்றான் பாவம். அந்த வழக்கத்தோடுதானே உன் அத்தை ஆயுசு முழுக்க மல்லுக்கட்டினார் என்றேன். நல்ல பிள்ளை, உடனே கடைக்கு ஓடினான். மதியத்துக்குள் புது பேனர் வந்துவிட்டது. 'ஆவணப்பட இயக்குநர் சிவகாமி'. அதற்குமேல் ஒரு எழுத்து கிடையாது. அதைப் பார்த்த பிறகுதான் உள்ளே போய் அவர் முகத்தைப் பார்த்தேன்.

அவரை அறிந்தவர்களுக்காக இதை எழுதுகிறேன். உங்களில் பலருக்கு அவருடைய படங்களைத் தெரியும். படம் எடுக்க அவர் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும், ஏனென்றால் அதில் பாதியை நானும் பட்டேன்.

முதலில் அவர் எனக்கு ஒரு குரலாகத்தான் அறிமுகம். எழுபதுகளின் கடைசி. எக்ஸ்சேஞ்சுக்கு வரும் பெண் குரல்கள் எல்லாம் ஒரே மாதிரிதான் ஆரம்பிக்கும். எஸ்.இ. மிஸஸ் பேசறேன், டாக்டர் வீட்டம்மா பேசறேன், ஏழாம் பிளாக்கிலிருந்து பேசறேன். யாரும் பேரைச் சொல்ல மாட்டார்கள். கேட்டால் கோபம் வரும். ஒரு நாள் ஒரு குரல், "நான் சிவகாமி, போட்டோ செக்‌ஷன். ஸ்டோர்ஸுக்கு லைன் கொடுங்க" என்றது. நானும் பழக்கதோஷத்தில் எந்த சாருடைய மிஸஸ் என்று கேட்டேன். "எந்த சாரும் இல்லைங்க. சிவகாமி மட்டும்தான்" என்றது அந்தக் குரல். பக்கத்து சீட்டுப் பெண்ணிடம், யாரோ திமிர் பிடித்தவள் போலிருக்கிறது என்றேன்.

மறுநாள் கேண்டீனில் வரிசையில் நிற்கும்போது பின்னாலிருந்து ஒரு கை என் தோளைத் தொட்டது. விரல் நுனியெல்லாம் போட்டோ கழுவுகிற மருந்துக் கறை, பழுப்பு நிறம். "எந்த சார்னு கேட்டது நீங்கதானே? குரலை வச்சே கண்டுபிடிச்சிட்டேன்" என்று சிரித்தார். ஒல்லியாக, நெடுநெடுவென்று இருப்பார். நெற்றியில் சின்னதாய்க் கறுப்புப் பொட்டு. என்னைவிட ஏழெட்டு வயது மூத்தவர் என்பதால் அன்றிலிருந்து அக்கா ஆனார். அவர் என்னை ஹாஜிரா என்று முழுப் பெயரும் சொல்லித்தான் கூப்பிடுவார். ஹாஜி என்று மற்றவர்கள் சுருக்குவார்கள். அவர் ஒருநாளும் சுருக்கியதில்லை.

திண்டுக்கல் பக்கத்திலிருந்து கல்யாணமாகி டவுன்ஷிப்புக்கு வந்தவர். கணவர் மின்பிரிவில் வேலை. மஞ்சள் காமாலை முற்றி அவர் போய்விட, வாரிசு வேலையாக இவருக்குப் போட்டோ செக்‌ஷனில் இடம் கிடைத்தது. குழந்தைகள் இல்லை. ஊருக்குத் திரும்பி வந்துவிடு என்று வீட்டார் கூப்பிட்டும் போகவில்லை. ஏன் போகவில்லை என்பதற்கு அவர் ஒரு கதை சொல்வார். பிற்பாடு கேமராவுக்கு முன்னால் உட்கார்ந்த ஒவ்வொரு பெண்ணுக்கும் இதையேதான் சொன்னார். எனக்கு மனப்பாடம்.

"ஆபீஸ்ல பேரு என்னன்னு கேட்டாங்க. எலெக்ட்ரிகல் சார் வீட்டம்மான்னு சொன்னேன். அது இல்லம்மா, உங்க பேருன்னாங்க. ஒரு நிமிஷம் எனக்கு வரவேயில்லை. அப்புறம் டார்க்ரூம்ல போட்டாங்க. அடையாள அட்டைக்குப் படம் கழுவுற வேலை. தட்டுல ஒவ்வொரு முகமா வரும், எல்லாம் ஆம்பளைங்க. ஒரு நாள் என் அட்டைக்கு எடுத்த படத்தை நானே கழுவினேன். தண்ணிக்குள்ள என் முகம் மெல்ல மெல்ல மேல வந்துச்சு. அட, இது நானா அப்படின்னு பார்த்துக்கிட்டே நின்னேன். அதை விட்டுட்டு எங்க போறது?"

இதுதான் அவர் வேலை செய்த முறை. கேமராவோடு யார் வீட்டுக்குள்ளும் நுழைய மாட்டார். முதலில் வெறுங்கையோடு போவார். தன் கதையைச் சொல்வார். காபி குடித்துவிட்டு வந்துவிடுவார். மறுபடி போவார். அவர்களாக எப்போது வாயைத் திறக்கிறார்களோ அப்போதுதான் மைக் வெளியே வரும். "நம்ம கதையைக் கொடுக்காம அடுத்தவங்க கதையை வாங்கினா அது திருட்டு" என்பார். இந்த அழகில் ஒரு படம் என்றைக்கு முடியும் என்று நான் தலையில் அடித்துக்கொள்வேன்.

படம் எடுக்கும் யோசனை வந்ததும் செக்‌ஷனில்தான். சுரங்கத்தில் புது இயந்திரம் வந்தால் போட்டோ, பெரிய மனிதர்கள் வந்தால் போட்டோ. கழுவிக் கழுவி அலுத்துப்போய் ஒரு நாள் என்னிடம் சொன்னார். "இந்த ஊர்ல ஒவ்வொரு மெஷினுக்கும் படம் இருக்கு. அதை ஓட்டுறவருக்கும் படம் இருக்கு. அவருக்குச் சோறு கட்டிக் கொடுக்கிறவளுக்குக் கல்யாண போட்டோவை விட்டா வேற என்ன இருக்கு?" செக்‌ஷனில் யாரும் தொடாத பழைய சினிமா கேமரா ஒன்று கிடந்தது. சாவி கொடுத்தால் அரை நிமிடம் ஓடும். மேலதிகாரி நல்ல மனிதர். லீவு நாளில் எடுத்துக்கொள்ளுங்கள், லென்ஸை மட்டும் உடைத்துவிடாதீர்கள் என்று கொடுத்தார். பிலிமுக்குச் சென்னையில் ஒரு பெண்கள் அமைப்பு ஏற்பாடு செய்தது. அந்தக் கேமராவுக்குக் குரல் பிடிக்கத் தெரியாது. ஓடும்போது தையல் மிஷின்போலச் சத்தம் வேறு போடும். அதனால் படம் தனியே, குரல் தனியே. குரலை கேசட்டில் பிடிக்கிற வேலை என் தலையில் விழுந்தது. "நாள் முழுக்கக் காதுல மாட்டிக்கிட்டுத்தானே இருக்கே ஹாஜிரா, இதையும் மாட்டிக்கோ" என்றார். அவ்வளவுதான் எனக்குக் கிடைத்த பயிற்சி.

இப்போது தையல்நாயகியைப் பற்றிச் சொல்ல வேண்டும். அவர் இல்லாமல் அந்தப் படம் இல்லை. சுரங்கத்தில் மண் வாரும் ஷவல் இயந்திரம் ஓட்டிய மாணிக்கம் அண்ணனின் மனைவி. பண்ருட்டிக்காரர். கல்யாணத்துக்கு முன்னால் முந்திரிக்கொட்டை உடைக்கிற கொட்டகையில் வேலை பார்த்தவர். அக்கா பலமுறை போய் உட்கார்ந்து பேசிய பிறகு, சரி வாங்க, அவர் முதல் ஷிஃப்ட் போயிருக்கிற நாளாகப் பார்த்துச் சொல்கிறேன் என்று ஒரு நாளைச் சொன்னார். பெட்டியெல்லாம் தூக்கிக்கொண்டு போய்க் கதவைத் தட்டினோம். தட்டிய சத்தம் அடங்குவதற்குள் கதவு திறந்தது. தையல்நாயகி உதட்டில் விரலை வைத்துக்கொண்டு நின்றார்.

"அவரு தூங்கிகினு இருக்காரு. பக்கத்து வூட்டுக்காரருக்கு ஒடம்பு சரியில்லன்னு அவருக்குப் பதிலா நைட்டு பாத்துட்டு வந்து படுத்தாரு" என்றார், காற்றாக.

ஷிஃப்ட் வேலை வீட்டில் வாழாதவர்களுக்கு இது புரியாது. நைட் ஷிஃப்ட் முடித்து ஆள் வந்து படுத்துவிட்டால் அந்த வீட்டுக்கு வேறு சட்டம். குக்கர் விசில் அடிக்கக் கூடாது. ரேடியோ கூடாது. பிள்ளைகள் தெருவில்தான் விளையாட வேண்டும், அதுவும் நாலு வீடு தள்ளி. பாத்திரத்தைத் துணி விரித்து அதன்மேல் கவிழ்ப்பார்கள். பகலெல்லாம் அந்த வீட்டுப் பெண்கள் மூச்சுக் குரலில்தான் பேசுவார்கள். அவர்களைக் குறை சொல்லவில்லை. கண்ணயர்ந்தால் உயிருக்கே ஆபத்தான வேலை, அவர் தூங்கத்தான் வேண்டும். யார் சொல்லியும் வந்த சட்டம் இல்லை இது, எல்லா வீட்டிலும் தானாகவே வந்து உட்கார்ந்துகொண்டது.

அக்கா திரும்பிப் போகலாம் என்றார். தையல்நாயகிதான் விடவில்லை. "வந்தது வந்துட்டீங்க. மெதுவா பேசறேன், உங்க பொட்டில கேக்குதா பாருங்க" என்று அடுக்களைக்குக் கூட்டிப்போனார். மூன்று பேரும் தரையில் உட்கார்ந்தோம். என் காதில் முதலில் கேட்டது அறைக்குள் சுற்றிய ஃபேன். அடுத்து மாணிக்கம் அண்ணனின் குறட்டை. இரண்டுக்கும் நடுவில் அந்தக் குரல். கொட்டகைப் புகை, முந்திரித்தோல் எண்ணெய் பட்டுக் கறுத்துப்போன கை, மேஸ்திரியைக் கேலி செய்து அங்கேயே கட்டிய பாட்டுகள், எல்லாவற்றையும் சொன்னார். கொட்டகையே தன் பாட்டுக்குத்தான் கை அசைக்குமாம். இப்போது பாடுவதில்லையா என்று அக்கா கேட்டார்.

"எப்பப் பாடறது? மூணு வாரத்துல ஒரு வாரம் நைட்டு. மத்த ரெண்டு வாரம் பாடிக்கலாம்தான். ஆனா தொண்ட அந்த ஒரு வாரத்தையேதான் ஞாபகம் வச்சிக்கினு இருக்குது."

சொல்லிவிட்டு அவராகவே பாடினார். மூச்சுக் குரலில். விரலால் தரையில் தாளம் போட்டார், அதுவும் சத்தம் வராமல்.

கொட்ட ஒடைச்சேன் கொட்ட ஒடைச்சேன்
கையெல்லாம் கருத்துப் போச்சு
பொண்ணு பாக்க வந்த மாப்ள
கையப் பாத்து ஓடிப் போச்சு
ஓடிப் போனா போவட்டும் போடி
ஒடைக்கக் கொட்ட கெடக்குது கோடி

வெளியே வந்ததும், கேசட் வீண், ஒன்றும் தேறாது என்றேன். அக்கா சாலையோர மரத்தடியில் சைக்கிளை நிறுத்திவிட்டு ஹெட்போனை வாங்கி மாட்டிக்கொண்டு முழுவதையும் கேட்டார். கழற்றும்போது கண் கலங்கியிருந்தது. "இதுதான் படம். இனிமே எந்த வீட்டுக்குப் போனாலும் நைட் ஷிஃப்ட் வாரத்துலதான் போறோம்" என்றார். எனக்குப் பைத்தியம் பிடித்துவிட்டதா, இவருக்கா என்று பார்த்தேன்.

அப்படியே செய்தோம். வீடு வீடாகப் போய், ஆள் தூங்குகிற நேரமாகப் பார்த்து, அடுக்களையிலும் கொல்லைப்புற வாசலிலும் உட்கார்ந்து குரல் பிடித்தோம். படிப்பைப் பாதியில் விட்டவர், கூடைப்பந்து ஆடியவர், ஊரில் தன்னைத் தவிர வேறு யாருக்கும் நீச்சல் தெரியாது என்று பெருமையடித்தவர், எல்லோரும் மூச்சுக் குரலில் பேசினார்கள். ஈரோட்டுப் பக்கத்து இன்ஜினியர் வீட்டம்மா ஒருவர் இருந்தார். அவர் கணவர் டூர் போயிருந்தார். வீட்டில் ஒரு ஈ காக்கை இல்லை. அந்த அம்மாவும் கிசுகிசுவென்றுதான் பேசினார். வீட்டில்தான் யாரும் இல்லையே, சத்தமாகவே பேசலாமே என்றார் அக்கா. அந்த அம்மா ஒரு நிமிடம் விழித்தார். பிறகு, "சத்தமாத்தானுங்களே பேசிட்டு இருக்கறேன்?" என்றார். படத்தில் இந்த இடம் வரும்போது சிரிக்காதவர்கள் கிடையாது. சிரித்து முடித்ததும் முகம் மாறாதவர்களும் கிடையாது.

அவரைத் தெய்வமாக்கி எழுத எனக்கு இஷ்டமில்லை. சமையல் சுட்டுப் போட்டாலும் வராது. அவர் வைத்த ரசத்தை ஒரு தடவை குடித்தவர்கள் மறுதடவை அவர் வீட்டுக்குப் பசியோடு போனதில்லை. பிடிவாதம் என்றால் அப்படி ஒரு பிடிவாதம். கேசட்டை முழுதும் சுற்றி வைக்கவில்லை என்பதற்காக என்னோடு ஒரு வாரம் பேசாமல் இருந்திருக்கிறார். எக்ஸ்சேஞ்சுக்கு போன் செய்து, "யாருங்க ஆபரேட்டர்?" என்று தெரியாதவர்போலக் கேட்பார். நானும் விடாமல், "எந்த சாரோட மிஸஸ் பேசறீங்க?" என்பேன். அதோடு சண்டை தீர்ந்துவிடும்.

அந்தப் பிடிவாதம்தான் படத்தையும் காப்பாற்றியது. படத்துக்கு 'அவர் தூங்குகிறார்' என்று பெயர் வைத்தார். சென்னையில் வெட்டி ஒட்டி முடித்ததும் அமைப்பின் செயலாளர் அம்மாள் போட்டுப் பார்த்தார். காட்சிகள் பிரமாதம் என்றார். குரல்தான் சரியில்லை, குறட்டைதான் கேட்கிறது, இதைத் திரைப்பட விழாவுக்கு அனுப்பினால் சிரிப்பார்கள் என்றார். ரேடியோவில் நாடகம் நடிக்கிற ஒரு பெண் இருக்கிறார், தேன் மாதிரி குரல், அவரை வைத்து எல்லாவற்றையும் ஸ்டுடியோவில் திரும்பப் பேசவைத்துவிடலாம் என்றார். மாற்றினால் விழாவுக்குப் போகும், அக்காவுக்கு அடுத்த படம் கிடைக்கும். மாற்றாவிட்டால் பெட்டிக்குள் கிடக்கும், அக்காவும் ஆயுளுக்கும் டார்க்ரூமில் கிடக்க வேண்டியதுதான். கூடப் போயிருந்த எனக்கு, ஒத்துக்கொண்டு தொலையேன் என்று சொல்ல வாய்வரை வந்தது.

அக்கா அங்கேயே முடிவு சொல்லவில்லை. குரல் அவர்களுடையது, அவர்களைத்தான் கேட்க வேண்டும் என்று என்னையும் கூட்டிக்கொண்டு ரயிலேறினார். தையல்நாயகி வீட்டுக்கு நேராகப் போனோம். அக்கா நடந்ததைச் சொல்லி, வேறு ஒருவர் உங்கள் பாட்டை நன்றாகப் பாடுவார், என்ன சொல்கிறீர்கள் என்று கேட்டார். தையல்நாயகி தன் கையைத் திருப்பிப் பார்த்தார். அந்தக் கறுப்பு எப்போதோ போய்விட்டது.

"நல்லாப் பாடறவங்க பாடினா அது அவங்க பாட்டுங்க. எனுக்கு இருக்கறது இவ்ளோண்டு குரலுதான். அதையும் எடுத்துட்டா அந்தப் படத்துல நான் எங்க இருக்கேன்?"

அக்கா சென்னைக்கு போன் போட்டார். நானே லைன் கொடுத்தேன், ஒட்டுக்கேட்டேன் என்றும் வைத்துக்கொள்ளுங்கள். எங்கள் ஊர் கிளப்பில் படத்தைப் போடுகிறேன், நீங்களும் வாருங்கள் என்றார். அங்கே உட்கார்ந்திருப்பவர்களுக்கு இந்தக் குரல் கேட்கவில்லை என்றால் நீங்கள் சொல்கிற தேன் குரலையே போட்டுவிடுகிறேன் என்றார். செயலாளர் அம்மாள் ஒத்துக்கொண்டார்.

மே மாதம். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம். வழக்கமாக சினிமா போடுகிற கிளப் ஹால் நிரம்பி வழிந்தது. நம்ம பிளாக் படம் வருகிறது என்று குடும்பம் குடும்பமாக வந்துவிட்டார்கள். பெண்கள் ஒரு பக்கம், ஆண்கள் ஒரு பக்கம். மாணிக்கம் அண்ணன் வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு மூன்றாவது வரிசையில் உட்கார்ந்திருந்தார். படத்தில் தன் மனைவி வருவார் என்பது மட்டும்தான் அவருக்குத் தெரியும். தையல்நாயகி எனக்குப் பக்கத்தில். என் கையைப் பிடித்தவர் விடவில்லை. செயலாளர் அம்மாள் கடைசி வரிசையில் கையில் விசிறியோடு.

படம் ஓட ஆரம்பித்தது. துணி உலர்த்தும் கைகள், டிபன் கேரியர் அடுக்கும் கைகள், சைக்கிளில் போகும் முதுகுகள். குரல் வந்தது. ஆனால் வந்ததே தெரியவில்லை. தலைக்குமேல் அத்தனை ஃபேன்களும் முழு வேகத்தில் சுற்றிக்கொண்டிருந்தன. ஆண்கள் பக்கத்திலிருந்து ஒருவர் "சவுண்டு" என்றார். உடனே பத்துப் பேர் "சவுண்டு, சவுண்டு" என்றார்கள். விசில் பறந்தது. ஆபரேட்டர் கூண்டிலிருந்து எட்டிப் பார்த்து, இதற்குமேல் சவுண்டு இல்லை என்று கையை விரித்தார். நான் திரும்பிச் செயலாளர் அம்மாளைப் பார்த்தேன். அவர் முகம், நான்தான் அப்போதே சொன்னேனே என்றது. முடிந்தது கதை என்று நினைத்தேன்.

அக்கா எழுந்தார். யாரிடமும் எதுவும் சொல்லாமல் சுவர் ஓரமாக நடந்து போனார். கிளப் காரியதரிசியிடம், "ஃபேனை நிறுத்துங்க" என்றார். அவருக்குப் புரியவில்லை. எங்கள் ஊரைத் தெரிந்தவர்களுக்குத் தெரியும், அங்கே கரண்டு போகாது. கரண்டு எடுப்பதே நாங்கள்தான். ஃபேன் நின்ற ஹாலை அந்த ஊரில் யாரும் பார்த்ததில்லை. மே மாதத்திலா, ஜனங்கள் செத்துப்போவார்கள் என்றார் அவர். அக்கா அவரைத் தாண்டிப் போய்த் தானே ஒவ்வொரு சுவிட்சாக அணைத்தார். ஒவ்வொரு ஃபேனாக வேகம் குறைந்து நின்றது. திரும்பி நின்று, "வீட்டுல நீங்க தூங்குறப்ப அவங்க சத்தம் போடாம இருக்காங்க. இப்ப அவங்க பேசறாங்க. கொஞ்ச நேரம் நீங்க சத்தம் போடாம இருங்க" என்றார். அதட்டவில்லை. எப்போதும் பேசுகிற குரல்தான்.

படத்தை முதலிலிருந்து போட்டார்கள். ஹாலில் காற்று அசையவில்லை. வியர்வை முதுகில் இறங்குவது தெரிந்தது. இப்போது கேட்டது. முதலில் குறட்டை. ஆண்கள் பக்கம் சிரிப்பு வெடித்தது. யார் குறட்டை என்று ஒருவரையொருவர் இடித்துக்கொண்டார்கள். பிறகு தையல்நாயகியின் அடுக்களை தெரிந்தது. யாருடையது என்று எல்லோருக்கும் விளங்கியது. மாணிக்கம் அண்ணன் தலையைக் குனிந்துகொண்டார். அதன்பின் சிரிப்பு மெல்ல அடங்கியது. ஏனென்றால் அந்தக் குறட்டைக்கு அடியிலிருந்து பாட்டு வந்துகொண்டிருந்தது. அவ்வளவு ஜனமும் அந்த மூச்சைக் கேட்க முன்னால் சாய்ந்து உட்கார்ந்தது. கைக்குழந்தையை வைத்திருந்தவள் அதன் வாயில் விரலை வைத்தாள். தேன் குரலில் இது நடந்திருக்காது என்று அப்போதே எனக்குத் தெரிந்துவிட்டது.

படம் முடிந்து விளக்கு போட்டார்கள். யாரும் ஃபேனைப் போடவில்லை. மாணிக்கம் அண்ணன் எழுந்து நின்றார். ஆறடி ஆள். தையல்நாயகியின் நகம் என் உள்ளங்கையில் இறங்கியது. ஊர் நடுவில் தன் குறட்டையைப் போட்டுக் காட்டிவிட்டார்கள், மனிதர் என்ன செய்வாரோ என்று எனக்கும் பயம்தான். அவர் பெண்கள் பக்கம் பார்க்கவில்லை. அக்காவைப் பார்த்துக் கேட்டார்.

"இவ பாடுவான்னு எனக்குத் தெரியாதுங்க. கண்ணாலம் ஆயி இத்தினி வருசம், ஒரு நாளும் நான் கேட்டதில்ல. இன்னொரு வாட்டி போடச் சொல்லுங்க. இந்த வாட்டி முழிச்சிகினு கேக்கறேன்."

அந்தப் பாட்டு வரும் ரீலை மட்டும் மறுபடி போட்டார்கள். தையல்நாயகி என் கையை விட்டார். செயலாளர் அம்மாள் கழுத்து வியர்வையை முந்தானையால் துடைத்துக்கொண்டே வந்து, குரலை மாற்ற வேண்டாம் என்றார். அக்கா, "நன்றிங்க" என்றார். பிறகுதான் போய் ஃபேனைப் போட்டார்.

அந்த விழாவில் பரிசு எதுவும் கிடைக்கவில்லை. அக்கா அதைப் பொருட்படுத்தவில்லை என்று எழுத ஆசைதான். பொய் சொல்வானேன், ஒரு வாரம் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருந்தார். ஆனால் படம் நடக்க ஆரம்பித்தது. கல்லூரிகள், மாதர் சங்கங்கள், யூனியன் கூட்டங்கள் என்று தகர டப்பாவைத் தூக்கிக்கொண்டு பஸ் பஸ்ஸாக அலைந்தார். எந்த ஊரில் இறங்கினாலும் அவர் கேட்கிற முதல் கேள்வி ஃபேன் சுவிட்ச் எங்கே என்பதுதான். சில ஊர்களில் அதை ஃபேனை நிறுத்துகிற படம் என்றே சொன்னார்கள். அப்புறம் எங்கள் நெல்லிக்குப்பம் கரும்புக் கொல்லையில் வேலை செய்கிற பெண்களைப் பற்றி எடுத்தார். ஆஸ்பத்திரி ஆயாக்களைப் பற்றி எடுத்தார். ஒவ்வொன்றிலும் முதலில் அந்தப் பெண் தன் பெயரைச் சொல்வாள். அதற்குத் தேவையான நேரத்தைக் கொடுப்பார், பிலிம் ஓடினாலும் ஓடட்டும் என்று விடுவார். "பேரு வர்றதுக்கு நேரமாகும். எனக்கே ஆச்சு" என்பார். இப்படி ஒருவரோடு வேலை செய்தேன் என்று நினைக்க எனக்குப் பெருமையாக இருக்கிறது. அடக்கமாக இருக்க வேண்டிய விஷயம் இல்லை இது.

அன்று சாவு வீட்டில் கூட்டம் சேர்ந்துகொண்டே இருந்தது. மதியத்துக்குமேல் தையல்நாயகி வந்தார். தலை முழுக்க நரைத்துவிட்டது. மாணிக்கம் அண்ணனைக் கைப்பிடித்துக் கூட்டிவந்தார். அவ்வளவு வருடம் அந்த இயந்திரச் சத்தத்தில் இருந்த காது, இப்போது மந்தம். கண்ணாடிப் பெட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து அக்காவின் முகத்தைப் பார்த்தார் தையல்நாயகி. ஒப்பாரி வைப்பார் என்று பெண்கள் நகர்ந்து இடம் விட்டார்கள். அவர் அழவில்லை. தரையில் விரலால் தட்ட ஆரம்பித்தார்.

எனக்குப் புரிந்துவிட்டது. அக்காவின் பொருள் எதுவும் என்னிடம் இல்லை. கேசட்டுகள் பூஞ்சை பிடித்துப் போய்விட்டன. அவரிடமிருந்து நான் வைத்துக்கொண்டிருப்பது ஒரே ஒரு பழக்கம்தான். ஒரு பெண் பேச வாயெடுத்தால் என் கை தானாக சுவிட்சைத் தேடும். என் மருமகள் முதலில் இதைக் கண்டு பயந்தாள், இப்போது பழகிவிட்டாள். எழுந்து போய்த் தலைக்குமேல் ஓடிய ஃபேனை நிறுத்தினேன். யாரோ, புழுங்குதே என்றார்கள். புழுங்கட்டும் என்றேன்.

கொட்ட ஒடைச்சேன் கொட்ட ஒடைச்சேன் என்று தையல்நாயகி தொண்டையைத் திறந்து பாடினார். கொட்டகையே கையசைத்ததாகச் சொன்ன குரல் அதுதான், நான் முதல்முறையாகக் கேட்டேன். தெருவில் பேனருக்குக் கீழே நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். சாவு வீட்டில் பாடுகிற பாட்டா இது என்று ஒரு கிழவர் முணுமுணுத்தார். மாணிக்கம் அண்ணன் காதைக் கையால் குவித்துக்கொண்டு கேட்டுக்கொண்டிருந்தார். ஃபேன் நின்றிருக்க வேண்டிய அவசியமே இல்லை, அவ்வளவு சத்தம். ஆனாலும் பாட்டு முடிகிறவரை சுவிட்சிலிருந்து நான் கையை எடுக்கவில்லை.